நோட்டுப் பொண்ணு

“கொஞ்சம் இருங்க. ‘அதெல்லாம் சரிப்படாது’ன்னு இப்ப சொன்னது அண்ணனா, அக்காவா? ரெண்டு பேரும் ஒரே நேரத்துல சொல்லிட்டீங்க.”

மாடிப்படியின் மூன்றாவது படியில் உட்கார்ந்து, முழங்கால்மேல் நோட்டை விரித்து, பேனாவைத் தூக்கிப் பிடித்தபடி அவள் கேட்கிறாள். கீழே கூடத்தில், புது ஃபிரிட்ஜ் வாங்குவதா, பழையதையே இன்னொரு தடவை ரிப்பேர் பார்ப்பதா என்று ஜோராக நடந்துகொண்டிருந்த சண்டை சட்டென்று நிற்கிறது. வீட்டுக்காரரும் வீட்டுக்காரம்மாவும் ஒருவரையொருவர் பார்த்துக்கொள்கிறார்கள்.

“நான்தான் முதல்ல சொன்னேன்,” என்கிறார் வீட்டுக்காரர்.

“இவரு வாயத் தொறக்கறதுக்கு முன்னாடியே நான் சொல்லி முடிச்சுட்டேன்,” என்கிறார் வீட்டுக்காரம்மா.

ஃபிரிட்ஜ் ஓரங்கட்டப்பட்டு, அதை முதலில் வேண்டாம் என்றது யார் என்ற புதுச் சண்டை தொடங்குகிறது. அவள் அதையும் எழுதிக்கொள்கிறாள். இருவருமே வேண்டாம் என்ற அந்த ஃபிரிட்ஜ் மறுவாரம் வேனில் வந்து இறங்கியது. எப்படி என்று அந்த நோட்டுக்குத்தான் தெரியும்.

தெரு அவளுக்கு வைத்திருக்கும் பெயர் நோட்டுப் பொண்ணு. வயது இருபத்து நாலு. இரண்டு விமானம் மாறி வரவேண்டிய ஊர். அந்த ஊர்ப் பெயரைத் தெருவில் ஆளுக்கொரு விதமாகச் சொல்வார்கள். திருத்தித் திருத்திப் பார்த்து விட்டுவிட்டாள். நல்ல உயரம். இந்த வீட்டின் நிலைப்படிகளெல்லாம் வேறு அளவுக்காரர்களுக்காக வைத்தவை. வந்த புதிதில் நெற்றியில் மூன்று வாரம் பிளாஸ்திரி இருந்தது. அதன்பிறகு எந்த வீட்டு வாசலிலும் தலையைக் குனிந்துகொண்டே நுழையப் பழகிவிட்டாள். ‘என்ன அடக்கம், என்ன மரியாதை’ என்று தெரு முழுக்க நல்ல பெயர்.

பல்கலைக்கழகத்தில் அவள் செய்யும் ஆராய்ச்சி, ஒரு குடும்பத்தில் முடிவு எப்படி எடுக்கப்படுகிறது என்பது. பாதி பழையதாகவும் பாதி புதியதாகவும் இருக்கும் ஒரு ஊரில், பாதி பழையதாகவும் பாதி புதியதாகவும் இருக்கும் ஒரு வீட்டில் தங்கி, யார் எதைச் சொல்கிறார், யார் மறுக்கிறார், யார் பேசாமல் இருக்கிறார் என்று ஒரு வருடம் எழுத வேண்டும். “இதுக்கெதுக்கு ஒரு வருஷம்? முடிவெல்லாம் நான்தான் எடுக்கறேன், எழுதிக்கோ,” என்று முதல் நாளே உதவ முன்வந்தார் வீட்டுக்காரர். பாத்திரம் கழுவிக்கொண்டிருந்த வீட்டுக்காரம்மா திரும்பாமலே சொன்னார்: “அதுக்குக் கீழ இதையும் எழுதிக்கோ. அவரு எடுத்ததா அவரு நெனச்சுக்குவாரு.”

பாதி பழையது, பாதி புதியது என்றதற்கு வீடு தேடி அலைய வேண்டாம். தெருவின் இந்த முனையில் ஒன்றின் தோளில் ஒன்று சாய்ந்து நிற்கும் பழைய வீடுகள். அந்த முனையில் முப்பது மாடிக் கண்ணாடிக் கட்டடம். மாலை நாலு மணிக்கு அதன் கண்ணாடியில் பட்டுத் திரும்பும் வெயிலில்தான் தெருவே துணி உலர்த்துகிறது. வீட்டுக்காரருக்குத் தண்ணீர் வாரியத்தில் வேலை. மீட்டர்கள் இப்போது தாமாகவே அலுவலகத்துக்கு அளவைத் தெரிவித்துவிடுகின்றன. அவை ஒழுங்காகத் தெரிவிக்கின்றனவா என்று வீடு வீடாகப் போய் எட்டிப் பார்ப்பது இவர் வேலை. வீட்டு வாசலில் விரல் வைத்தால் திறக்கும் பூட்டு ஒன்றை அவரே ஆசையாக வாங்கி மாட்டினார். மதியத் தூக்கத்துக்குப் போகும்முன், அந்தப் பூட்டின்மேல் நம்பிக்கை இல்லாமல், உள்பக்கம் குறுக்கே ஒரு கட்டையையும் போடுவார். வகுப்பு சீக்கிரம் முடிந்த நாளில் அவள் வாசலில் விரலை வைப்பாள். பூட்டு பச்சை விளக்குக் காட்டி, இனிய குரலில் வரவேற்கும். கதவு அசையாது. இரண்டு மணி முதல் நாலு மணி வரை வரவேற்பைக் கேட்டுக்கொண்டே வாசற்படியில் உட்கார்ந்திருப்பாள்.

“என்னத்த சொல்ல. நம்ம நேரம் அப்படி,” என்பாள்.

இதுதான் அவளிடம் உள்ள விசேஷம். எழுத்தையும் இலக்கணத்தையும் வகுப்பில் கற்றாள். பேச்சை வீட்டுக்காரம்மாவிடம் கற்றாள். வீட்டுக்காரம்மாவுக்கு வயது ஐம்பத்திரண்டு. அந்த வயதின் அலுப்பும் முழங்கால் வலியும் வார்த்தைகளோடு சேர்ந்தே இந்தப் பெண்ணுக்குள் இறங்கிவிட்டன. சக மாணவர்கள் கடற்கரைக்குக் கூப்பிட்டால், “எங்கப்பா, வீட்ல போட்டது போட்டபடி கிடக்கு,” என்று பெருமூச்சு விடுகிறாள். பேருந்தில் இடம் கிடைத்தால், “அப்பாடா, இந்தக் கால வெச்சுக்கிட்டு,” என்று உட்கார்கிறாள். ஒரு நாள் பேராசிரியர்கள் நிறைந்த அவையில், அவள் கட்டுரை நன்றாக இருந்ததாக ஒருவர் பாராட்ட, “ஏதோ இருக்கறத வெச்சு ஒப்பேத்தினேன்,” என்று கையை விரித்தாளாம். அவர்கள் இன்னும் அதைப் பற்றிப் பேசிக்கொண்டிருக்கிறார்கள்.

பேனா நாலு நிறத்தில் எழுதும் தடிப் பேனா. பேச்சுக்கு நீலம், மறுப்புக்குச் சிவப்பு, சம்மதத்துக்குப் பச்சை, மௌனத்துக்குக் கறுப்பு. மௌனத்தை மட்டும் கடிகாரம் பார்த்து எழுதுவாள்: எத்தனை நிமிடம், அதை யார் உடைத்தார்கள். எழுதுவதெல்லாம் அவள் நாட்டு எழுத்தில். கொடியில் துணி காயப்போட்ட மாதிரி இருக்கும், ஒரு எழுத்தும் யாருக்கும் புரியாது. ஆனால் நிறம் புரியுமே. போகிற போக்கில் நோட்டை எட்டிப் பார்த்துவிட்டு, “என் பக்கம் என்ன இவ்வளவு செவப்பா இருக்கு?” என்று வீட்டுக்காரர் கவலைப்படுவார். “போன மாசத்துக்கு இது கம்மி அண்ணே,” என்று அவள் தேற்றுவாள்.

நோட்டில் யார் பெயரும் கிடையாது. வந்த முதல் வாரம் ஆளுக்கு நாலு பக்கம் ஒப்புதல் தாள் கொடுத்தாள். உங்கள் பெயர் எங்கும் வராது, நீங்கள் சொன்னதை மற்றவருக்குக் காட்டமாட்டேன் என்று தொடங்கிப் பொடி எழுத்தில் பன்னிரண்டு விதிகள். எல்லோரும் படிக்காமல் கையெழுத்துப் போட்டார்கள். முனைக் கடை லாண்டரிக்காரர் மட்டும் முதல் விதியைப் படித்தார், அதோடு தாளை மூடிக் கோபித்துக்கொண்டார். “பேரு வராதுன்னா அப்புறம் நான் எதுக்குப் பேசணும்?” பெயருக்குப் பதில் குறியீடு. வீட்டுக்காரர் ஆண்-1. வீட்டுக்காரம்மா பெண்-1. வீட்டுக்காரரின் தம்பி ஆண்-2 என்று தெரிந்ததும் அண்ணனுக்கு ஏற்பட்ட நிம்மதியைச் சொல்லி முடியாது. வீட்டுக்காரம்மாவுக்கும் அது வசதியாகப் போயிற்று. “ஆண் ஒண்ணு சாப்பிட வரலாம். ஆறிப் போகுது,” என்று அடுக்களையிலிருந்து குரல் வரும்.

மாடியில் குடியிருக்கும் எனக்கு என்ன எண் என்று கேட்டேன். “நீங்க இதுல இல்லண்ணே,” என்றாள். “உங்க வீட்ல முடிவே எடுக்கறதில்லையே.”

முதல் மூன்று வாரம் அந்த வீட்டில் பொற்காலம். நோட்டைக் கண்டதும் வீட்டுக்காரர் “நீ என்னம்மா நினைக்கிற?” என்று மனைவியைக் கேட்பார். முப்பது வருடத்தில் கேட்டிராத கேள்வியாதலால் அந்த அம்மாளுக்கு முதலில் பயமாக இருந்தது. நாலாவது வாரம் நோட்டு பழகிவிட்டது. கூடத்து நாற்காலிகளோடு சேர்ந்து அதுவும் ஒரு சாமானாகி, பழைய குரல்கள் திரும்பின. அதற்கும் பிறகுதான் யாரும் எதிர்பாராதது நடந்தது. தெரு அந்த நோட்டைப் பயன்படுத்தத் தொடங்கியது.

“பாப்பா, போன வெள்ளிக்கிழம நான் எங்க மாமியார என்னன்னு சொன்னேன்? திட்டினேன்னு சொல்றாங்க. சும்மா பேசினேன்னு எனக்கு ஞாபகம். கொஞ்சம் பாத்துச் சொல்லேன்.” இது லாண்டரிக்காரர். நோட்டைக் காட்ட முடியாது என்று அவள் விதியைச் சொல்ல, அவர் விடவில்லை. இனிமேல் குடும்பச் சண்டையைக் கடையில் போடுவதில்லை, நோட்டுக்கு முன்னால் போடுவதென்று முடிவு செய்து, வெள்ளிக்கிழமை மாலைகளில் மாமியாரையும் அழைத்துக்கொண்டு நம் படிக்கட்டுக்கே வந்துவிட்டார். இரண்டு பேரும் எதிரெதிராக உட்கார்ந்து, அவள் எழுதும் வேகத்துக்கு ஏற்றாற்போல் நிறுத்தி நிறுத்தித் திட்டிக்கொண்டார்கள். “வாங்கிட்டியா பாப்பா? அடுத்தது போகலாமா?” என்று நடுவில் மாமியார் கேட்பார்.

அடுத்தவர் முடிவையெல்லாம் நிறம் பிரித்து எழுதும் இவளுக்குத் தன் விஷயத்தில் முடிவெடுக்கத் தெரியாது என்பதையும் சொல்லியாக வேண்டும். ஒரு குடை வாங்கப் போய் ஒன்றே முக்கால் மணி நேரம் நீலக் குடைக்கும் சாம்பல் குடைக்கும் நடுவில் நின்றாள். துணைக்குப் போன வீட்டுக்காரம்மா கடிகாரத்தைக் காட்டி, “பதினோரு நிமிஷம் மௌனம்டி. கறுப்புல எழுதிக்கவா?” என்றார். கடைசியில் நீலத்தை எடுத்துக் கையில் திணித்தவரும் அவர்தான். படிப்பு முடிந்தால் ஊருக்குத் திரும்புவாயா, இங்கேயே இருப்பாயா என்று வாரா வாரம் செல்பேசியில் முகம் காட்டிக் கேட்கும் பெற்ற தாயிடம், நம்முடைய மொழியிலேயே, “பாப்போம், பாப்போம்,” என்பாள். அந்த அம்மாளுக்குப் புரியாது. அதனால்தான் அதைச் சொல்வாள்.

அவளுடைய கைடு ஒரு பெரிய பேராசிரியர். மேஜைமேல் மூன்று கணினித் திரை, மேஜைக்கடியில் நாடா கட்டிய காகிதக் கட்டுகள். அறிக்கையை இணையத்தில் அனுப்பிவிட்டு, அச்சடித்த மூன்று பிரதியோடு நேரிலும் போய் நிற்க வேண்டும். திரையில் வந்ததும் கையில் வந்ததும் ஒன்றுதானா என்று வரிக்கு வரி பார்ப்பார். அவர் சொன்ன பாடம் ஒன்றே ஒன்று: “தலையிடாதே. யோசனை சொல்லாதே. சாட்சி சொல்லாதே. அந்த வீட்டில் நீ ஒரு சுவர்.” அன்று வீட்டுக்கு வந்து, “அக்கா, இனிமே நான் சுவர்,” என்று அறிவித்தாள்.

“சரி. சுவருக்கு இன்னும் ரெண்டு ரொட்டி வெக்கட்டுமா?” என்றார் வீட்டுக்காரம்மா.

இப்படிச் சுகமாகப் போய்க்கொண்டிருந்ததில் முன் அறை வந்து குறுக்கே விழுந்தது.

வீட்டுக்காரம்மா தையல்காரர். புதுத்துணி தைப்பதில்லை, தைத்ததைத் திருத்துவது. கண்ணாடிக் கட்டடத்தில் வேலை பார்க்கும் பெண்கள் இணையத்தில் வாங்கும் உடுப்பு எதுவும் அளவாக வருவதில்லை. இடுப்பைப் பிடிக்க, நீளத்தைக் குறைக்க, கழுத்தை ஏற்ற எல்லோரும் இவரிடம்தான் வருகிறார்கள். இருபது வருடமாக அவர் தைப்பது சாப்பாட்டு மேஜையில். வேளைக்கு வேளை மெஷினைத் தூக்கித் தரையில் வைத்து, துணிகளை மூட்டை கட்டிக் கட்டிலில் போட்டு, தட்டு வைக்க வேண்டும். சாப்பிட்டதும் எல்லாம் திரும்ப மேலே. ஒரு முறை குழம்பில் குண்டூசி வந்தது, சாப்பிட்டவர் ஆண்-1. வீட்டின் முன் அறையோ, செத்துப்போன தண்ணீர் மீட்டர்களும் கால் உடைந்த நாற்காலியும் குடியிருக்கும் இடம். நல்ல வெளிச்சம், தெருவைப் பார்த்த கதவு. ஒரு மேஜை, ஒரு கண்ணாடி, உடுப்பு மாற்ற ஒரு திரை இருந்தால் அது கடை.

“போன மாசம் ஒரு நாள் காலையில காப்பி குடிச்சுக்கிட்டே சொன்னாரு. ‘முன் ரூம நீயே எடுத்துக்கோ’ன்னு. இந்தக் காதால கேட்டேன்,” என்று வீட்டுக்காரம்மா எல்லோரிடமும் சொல்லியிருந்தார். அந்தச் சந்தோஷத்தில் கதவில் ஒட்ட ஒரு கடை அறிவிப்புகூட எழுதி வைத்திருந்தார்.

அதற்குள் ஆண்-2 வந்தார். வீட்டுக்காரரின் தம்பி செல்பேசி வீடியோவில் உடற்பயிற்சி சொல்லிக்கொடுப்பவர். பயிற்சிக்கு முன், பயிற்சிக்குப் பின் என்று இரண்டு படம் போடுவது அந்தத் தொழிலின் வழக்கம். இவரிடம் இதுவரை முதல் படம் மட்டும் தயார். “அண்ணே, உங்க முன் ரூம்ல லைட் என்னமா விழுது. அங்க வெச்சு எடுத்தா நான் எங்கேயோ போயிடுவேன்,” என்றார். தம்பிக்கு எதையும் மறுத்துப் பழக்கமில்லாத அண்ணன், “எடுத்துக்கோடா,” என்று சொல்லிவிட்டார்.

“எனக்குத் தர்றேன்னீங்களே?” என்று மனைவி கேட்டார்.

“நான் எப்ப சொன்னேன்? கனவு கினவு கண்டியா?”

வீட்டுக்காரம்மா அதோடு விட்டுவிட்டதுபோல் இருந்தது. துணி மடித்துக்கொண்டே மாடிப்படிக்கு வந்தார். மூன்றாவது படியில் இருந்தவளிடம், பக்கத்துச் சுவருக்குக்கூடக் கேட்காத குரலில் சொன்னார். “அன்னைக்கு நீ இங்கதான இருந்த. எழுதினல்ல. நீ படிக்க வேணாம். எனக்கும் உன் எழுத்து தெரியாது. அந்தப் பக்கத்த விரிச்சு நிறத்த மட்டும் காட்டு. பச்சையா இருந்தா போதும். மிச்சத்த நான் பாத்துக்கறேன்.”

அவள் நோட்டை மூடி மார்போடு வைத்துக்கொண்டாள். “முடியாதுக்கா.”

“நிறந்தானேடி கேட்டேன்?”

“நிறம்தான் எல்லாமே.”

அவள் அன்றே கைடிடம் ஓடினாள். அவர் மூன்று திரைகளுக்கு மேலாக எட்டிப் பார்த்துச் சொன்னதை அவள் என்னிடம் அவர் குரலிலேயே நடித்துக் காட்டினாள்: “ஒரு பக்கம் காட்டினால் ஒரு வருடம் குப்பை. வேறு வீடு, வேறு நோட்டு, முதலிலிருந்து.” காட்டவில்லை என்றால் அந்த அம்மாளுக்கு அறை போய்விடும். அதையும் கேட்டாளாம். “அறை போவது எப்படி என்று எழுது. நல்ல அத்தியாயம்,” என்றாராம்.

அடுத்த நாள் காலை வீட்டுக்காரம்மா அவளுக்குத் தேநீர் கொண்டுவந்து வைத்தார். “எடுத்துக்கங்க,” என்றார்.

அவ்வளவுதான். கோபமில்லை, முகச்சுளிப்பில்லை. தேநீரில் சர்க்கரைகூடச் சரியாகவே இருந்தது. ஆனால் ஒன்பது மாதமாக ‘வாடி’, ‘தின்னுடி’, ‘எங்கடி போன’ என்று கேட்டுப் பழகியவளுக்கு ஒரே இரவில் ‘வாங்க’, ‘சாப்பிடுங்க’, ‘எப்ப வந்தீங்க’ ஆகிவிட்டது. வெளியாட்களுக்கும் தண்ணீர் வாரிய அதிகாரிகளுக்கும் வைத்திருக்கும் மரியாதை. அந்த வாரம் அவள் படியில் உட்கார்ந்தது பாதி நேரம்தான். உட்கார்ந்தாலும் பேனா அசையவில்லை. “‘ங்க’ போட்டுட்டாங்கண்ணே,” என்று என்னிடம் வந்து சொன்னபோது, வேலை போனவர்கள் முகத்தைத்தான் அதற்கு முன் அப்படிப் பார்த்திருக்கிறேன்.

சனிக்கிழமை முழுவதும் அவள் தன் அறையை விட்டு வெளியே வரவில்லை. நான் எட்டிப் பார்த்தபோது, பலர் கைபட்டுக் கசங்கிய அந்த நாலு பக்க ஒப்புதல் தாளை, பொடி எழுத்தை, விரல் வைத்து வரி வரியாகப் படித்துக்கொண்டிருந்தாள். எழுதிக் கொடுத்தவளே அப்போதுதான் முதல்முறையாக ஒழுங்காகப் படிக்கிறாள் என்று தோன்றியது.

ஞாயிறு காலை பத்து மணிக்குத் தம்பி அளவு நாடாவோடு வந்துவிட்டார். முன் அறைக் கதவை விரியத் திறந்து, செத்த மீட்டர்களைக் காலால் ஒதுக்கி, சுவருக்குச் சுவர் அளக்கத் தொடங்கினார். வீட்டுக்காரர் நாடாவின் மறுமுனையைப் பிடித்துக்கொண்டு நின்றார். தையல் சாக்குக்கட்டியால் கோடு போட்ட ஒரு பேண்ட்டைத் தோளில் போட்டபடி வீட்டுக்காரம்மா வாசலில் வந்து நின்றார்.

“அண்ணி, அந்த மூலைல கண்ணாடி. இங்க நான். எப்படி?” என்றார் தம்பி.

“நல்லா இருக்கும். முழு உருவமும் தெரியற கண்ணாடியா வாங்கு. அகலமா,” என்ற வீட்டுக்காரம்மா, கணவர் பக்கம் திரும்பினார். “நாடாவ விடுங்க. கடைசியா ஒரு தடவ கேக்கறேன். சொன்னீங்களா, இல்லையா?”

“சொல்லலன்னு எத்தன தடவ சொல்றது?”

“அப்ப நோட்டு பொய் சொல்லுமா?”

எல்லோரும் மாடிப்படியைப் பார்த்தார்கள். வெள்ளிக்கிழமை விட்டுப்போன சண்டையை முடித்துவிட்டுப் போகலாமென்று வந்திருந்த லாண்டரிக்காரர்கூட ஓரமாக நின்று பார்த்தார். அவள் எழுந்தாள். கீழே இறங்கினாள். முன் அறை நிலைப்படியில் வழக்கமாகக் குனிபவள் அன்று மறந்துவிட்டாள், நங்கென்று கேட்டது. நெற்றியைத் தடவிக்கொண்டே பேசினாள்.

“நோட்ட யாருக்கும் காட்டமாட்டேன். கையெழுத்துப் போட்டுக் குடுத்திருக்கேன். அக்கா கேட்டாலும் காட்டமாட்டேன்.”

வீட்டுக்காரம்மா தோளிலிருந்த பேண்ட்டை எடுத்து மடித்தார். “சரிங்க,” என்றார்.

“ஆனா ஏழாவது விதின்னு ஒண்ணு இருக்கு.” அவள் தாளை விரித்தாள். “அவங்கவங்க சொன்னத அவங்கவங்க மட்டும் கேக்கலாம். எப்ப வேணா கேக்கலாம். அண்ணே, நீங்க கேட்டீங்கன்னா, நீங்க என்ன சொன்னீங்கன்னு உங்களுக்கு மட்டும் படிச்சுச் சொல்லலாம். நீங்கதான் கேக்கணும். நான் கேக்கச் சொல்லக் கூடாது.”

வீட்டுக்காரர் தம்பியைப் பார்த்தார். தம்பி நாடாவைப் பார்த்தார்.

“நான் எதுக்குக் கேக்கணும்? நான் சொன்னது எனக்குத் தெரியாதா?”

“தெரிஞ்சா வேணாண்ணே.”

“கேட்டுட்டுத்தான் வாயேன்யா,” என்றார் லாண்டரிக்காரர். “நானெல்லாம் எட்டு மாசமா என்னுத ஒரு வரி கேக்கணும்னு தவியாத் தவிக்கிறேன். இப்படி ஒரு விதி இருக்கறது தெரியாமப் போச்சே.”

அது வேலை செய்தது. தன்னுடைய பேச்சைக் கேட்கக் கிடைக்கும் வாய்ப்பை விடும் மனிதரை நான் இன்னும் பார்க்கவில்லை. “சரி, படி. என்னதான் எழுதியிருக்கேன்னு பாப்போம்,” என்று வீட்டுக்காரர் அடுக்களைக்குள் போனார். அவள் பின்னால் போய்க் கதவைச் சாத்தினாள். கதவின் மேல்பாதி கண்ணாடி. உள்ளே நடப்பது தெரியும், ஒரு சொல்கூடக் கேட்காது.

அவள் பக்கத்தைப் புரட்டினாள். படித்தாள். அவர் இடுப்பில் கைவைத்துக் கேட்டார். கையை எடுத்தார். ஏதோ கேட்டார். அவள் நோட்டைப் பார்த்துத் தலையசைத்தாள். மறுபடியும் படிக்கச் சொன்னார் போலிருக்கிறது, மறுபடியும் படித்தாள். இந்த முறை அவர் மூக்குக்கண்ணாடியைக் கழற்றிச் சட்டையில் துடைத்தார். கண்ணாடி சுத்தமாகத்தான் இருந்தது.

கண்ணாடிக் கதவருகே நின்று தம்பி வர்ணனை கொடுத்தார். “அண்ணன் தலையாட்டறாரு அண்ணி. ஆமாங்கற மாதிரியும் இருக்கு, இல்லங்கற மாதிரியும் இருக்கு. இப்ப அண்ணன் உக்காந்துட்டாரு. தண்ணி குடிக்கறாரு.”

“நீ கொஞ்சம் சும்மா இரு,” என்றார் வீட்டுக்காரம்மா. அவர் கண்ணாடிப் பக்கம் பார்க்கவே இல்லை. கையிலிருந்த பேண்ட்டின் ஓரத்தைப் பிரித்துப் பிரித்துத் திரும்ப மடித்துக்கொண்டிருந்தார்.

கதவு திறந்தது. வீட்டுக்காரர் வெளியே வந்தார். போன மாதம் அந்தக் காலையில் காப்பி குடித்துக்கொண்டே அவர் வேறு என்னவெல்லாம் சொல்லியிருந்தார் என்பது நோட்டுக்கும் அவருக்கும் அவளுக்கும் மட்டும் தெரிந்த விஷயம். ‘எடுத்துக்கோ’ என்ற ஒரு சொல்லுக்கு யாரும் இரண்டு தடவை படிக்கச் சொல்லமாட்டார்கள். லாண்டரிக்காரர் ஆவலோடு கிட்டப் போனார். “என்னய்யா சொல்லியிருந்த?”

“அது எனக்கும் நோட்டுக்கும்,” என்றார் வீட்டுக்காரர். முன் அறைக்குள் போனார். தரையில் கிடந்த அளவு நாடாவை எடுத்துக் கவனமாகச் சுருட்டித் தம்பியின் சட்டைப்பையில் போட்டார்.

“அண்ணே, லைட்டு…”

“மொட்டை மாடியில இதவிட நல்லா விழும். போய்ப் பாரு.”

பிறகு கூடத்துக்கு வந்தார். சாப்பாட்டு மேஜைமேல் தையல் மெஷின், கத்தரிக்கோல், நூல்கண்டு டப்பா, யாருடையதோ பாதி பிரித்த சட்டை. எதையும் இறக்கவில்லை. எல்லாவற்றோடும் மேஜையின் ஒரு பக்கத்தைப் பிடித்துத் தூக்கிப் பார்த்தார். மறுபக்கம் தரையில் கிறீச்சிட்டது. ஒரு ஆள் தூக்கும் மேஜையல்ல அது. நூல்கண்டுகள் உருண்டு ஓரத்துக்கு வந்தன. தம்பி அதற்குள் மொட்டை மாடிக்குப் போய்விட்டிருந்தார். லாண்டரிக்காரர் தமக்கு முதுகுவலி இருப்பதை நினைவுகூர்ந்தார். வீட்டுக்காரம்மா வாயில் கைவைத்தபடி நின்றார்.

அவள் அடுக்களை வாசலில் நின்றாள். இடது கையில் நோட்டு, வலது கையில் பேனா. எழுத வேண்டிய நேரம்தான் அது. பேனாவின் முனைகூட வெளியே வந்திருந்தது.

“இதக் கொஞ்சம் பிடிங்கக்கா,” என்று நோட்டை வீட்டுக்காரம்மாவின் கையில் கொடுத்துவிட்டுப் போய் மேஜையின் மறுபக்கத்தைத் தூக்கினாள். இரண்டு பேருமாக மேஜையைச் சாய்த்து, திருப்பி, மூச்சு வாங்கி, முன் அறைக்குள் கொண்டுபோய் வைத்து, ஜன்னலோரம் தள்ளி, அது ஆடாமல் நிற்க ஒரு செத்த மீட்டரை அடியில் கொடுத்து முடிக்கும் வரையில், வீட்டுக்காரம்மா அந்த நோட்டை இரண்டு கையாலும் இறுக்கி மூடிப் பிடித்துக்கொண்டு, வேறு பக்கம் பார்த்தபடி நின்றார்.